கடலோர ஊரில் முந்திரி பிஸ்கோத்தி சுடுவது

இந்த அத்தியாயத்தைக் கையில் வைத்துக்கொண்டு நீங்கள் சுடப்போவது, கடித்தால் கரகரவென்று உடைகிற, காபியில் முக்கினால் கரைந்து விழாமல் நிதானமாக ஊறுகிற பிஸ்கெட். இதற்குச் சொந்த ஊர் இத்தாலியின் தஸ்கனிப் பகுதி. அங்கே பிராத்தோ நகரில் அந்தோனியோ மத்தேயி என்பவர் 1858இல் தொடங்கிய கடையில் இன்றும் இதைச் சுட்டு, நீல நிறத் தாள் பையில் கட்டி விற்கிறார்கள். மாவு, சர்க்கரை, முட்டை, பருப்பு, அவ்வளவுதான். அவர்கள் போடுவது பாதாமும் பைன் விதையும். நாம் போடப்போவது நம் பக்கத்து மண்ணில் விளையும் பண்ருட்டி முந்திரி.

புதுச்சேரிக்கு அடுப்பில் ரொட்டி சுடுவது புதிதல்ல. 1954 நவம்பரில் பிரெஞ்சு நிர்வாகம் கைமாறிய பிறகும் பாகெத் இந்த ஊரைவிட்டுப் போகவில்லை. புஸ்ஸி வீதியில் பேக்கர் ஸ்ட்ரீட், குயிலாப்பாளையத்தில் ஆரோவில் பேக்கரி என்று நல்ல ரொட்டிக்குப் பெயர்போன கடைகள் இருக்கின்றன. கிறிஸ்துமஸ் வந்தால் ரவையும் முந்திரியும் ரம்மும் சேர்ந்த விவிக்கம் கேக் வீடுகளில் மணக்கும். அப்படியிருந்தும் வீட்டில் பிஸ்கோத்தி சுட்டுப் பார்த்தவர்கள் சொல்லும் குறை ஒன்றேதான்: "அன்னைக்கு நல்லாத்தான் இருந்துச்சு, மறுநாளே நமுத்துப்போச்சு."

செய்முறை தப்பு என்று இதற்குச் சொல்ல முடியாது. அது வேறு ஊர்க் காற்றுக்கு எழுதிய செய்முறை. கடற்கரையை ஒட்டிய ஊரில் பிஸ்கோத்தி என்பது காயவைக்கும் வேலை. கீழே வரும் ஒவ்வொரு படியும் அந்த ஒன்றுக்காகவே இருக்கிறது.

ஈரக் கணக்கு

கோட்பாடு என்று இந்த ஒன்று மட்டும் தெரிந்தால் போதும். கீழே சொல்லும் அளவில் பிசைந்தால் மாவு ஏறக்குறைய 660 கிராம் வரும். அதில் தண்ணீர் மட்டும் 120 கிராம் இருக்கும். முட்டையில் முக்கால் பங்கு தண்ணீர். மைதாவிலும் பருப்பிலும் கொஞ்சம் ஒளிந்திருக்கும். முதல் சுடலில் மாவு வேகும், ஆனால் தண்ணீரில் பெரும்பங்கு உள்ளேயே நிற்கும். துண்டு போட்டு இரண்டாம் முறை சுடும்போதுதான் அது வெளியேறும். டீக்கடை ரஸ்க்குக்கும் இதே வழிதான்.

ஆகவே நிறத்தைப் பார்த்து மட்டும் முடிவு செய்யாதீர்கள். தராசில் வைத்துப் பாருங்கள். 660 கிராம் மாவு, வெட்டும்போது உதிர்ந்த தூளையும் சேர்த்து நிறுத்தால், முடிவில் 580 கிராமுக்குக் கீழே வந்திருக்க வேண்டும். 570ஐ ஒட்டி நின்றால் மிக நல்லது. 600 என்று காட்டினால் எவ்வளவு பொன்னிறமாக இருந்தாலும் அது நமுக்கும். பார்வை ஏமாற்றும், தராசு ஏமாற்றாது.

பருப்பு வாங்கும்போது

பாதாமைவிட முந்திரி நமக்கு இரண்டு வகையில் சௌகரியம். ஒன்று, மென்மை. வெட்டும்போது பாதாம் கத்திக்கு வழிவிடாது. துண்டை இழுத்துக்கொண்டு வந்து உடைக்கும். முந்திரியைக் கத்தி வழுக்கிக்கொண்டு அறுக்கும். முதல்முறை சுடுபவருக்கு இது பெரிய உதவி. இரண்டாவது, புதுப் பருப்பு பக்கத்திலேயே கிடைக்கிறது. கடலூர் மாவட்டத்து முந்திரித் தோப்புகளை 2011 டிசம்பர் 30இல் தானே புயல் சாய்த்துப்போட்டது. புதுச்சேரிக்கும் கடலூருக்கும் நடுவில்தான் அது கரையேறியது. முந்திரி மரம் மறுபடி வளர்ந்து காய்க்க ஆண்டுகள் பிடிக்கும். மறுபடி நட்டு, காத்திருந்து, கொட்டை உடைத்து நம் கடைக்கு அனுப்புகிறவர்களின் பருப்பு இது. வாங்கும்போது அந்த மதிப்போடு வாங்குங்கள்.

கடையில் கேட்க வேண்டியது ஒரே கேள்வி: "அண்ணே, புதுப் பருப்பா, பழசா?" முந்திரி அறுவடை மாசியில் தொடங்கி வைகாசி வரை போகும். கோடையில் வாங்கினால் பெரும்பாலும் அந்த ஆண்டுப் பருப்பே கிடைக்கும். ஐப்பசி, கார்த்திகையில் வாங்கினால் ஒன்றை வாயில் போட்டு மென்று பாருங்கள். கடைசியில் தொண்டையில் காறல் நின்றால் வேண்டாம். சிக்கு வாடை அடிக்கும் பருப்பைச் சுட்டால் அந்த வாடை கூடுமே தவிரப் போகாது.

முழுப் பருப்பில் டபிள்யூ 180, 240, 320 என்று தரம் பிரிப்பார்கள். ஒரு பவுண்டுக்கு எத்தனை பருப்பு ஏறும் என்பதே அந்த எண். 180 பெரியது, 320 சின்னது. பிஸ்கோத்திக்கு 320 போதும். நெடுக்கில் இரண்டாகப் பிளந்த பருப்பும் நன்றாக வரும், விலையும் குறைவு. பாயசத்துக்கு வாங்கும் பொடி உடைசல் மட்டும் வேண்டாம். வெட்டிய முகத்தில் பருப்பே தெரியாது.

எச்சரிக்கை: தோட்டத்திலிருந்து யாராவது ஓட்டோடு கொடுத்த முந்திரிக் கொட்டையை வீட்டில் சுட்டு உடைக்கப் பார்க்காதீர்கள். ஓட்டில் இருக்கும் எண்ணெய் பட்டால் தோல் வெந்து கொப்புளம் போடும். சுடும்போது வரும் புகையும் கண்ணையும் மூச்சையும் தாக்கும். உடைத்துத் தோல் நீக்கிப் பதப்படுத்திய பருப்பை மட்டுமே வாங்குங்கள்.

சாமான்கள்

ஏறக்குறைய 30 துண்டுகளுக்கு:

- மைதா 250 கிராம்
- சர்க்கரை 150 கிராம்
- முட்டை, ஓடு நீக்கி 110 கிராம்
- முந்திரி 150 கிராம்
- பேக்கிங் பவுடர் அரை டீஸ்பூன்
- உப்பு கால் டீஸ்பூன்
- சோம்பு 1 டீஸ்பூன், ஒன்றிரண்டாக இடித்தது
- ஒரு எலுமிச்சை அல்லது சாத்துக்குடியின் தோல் துருவல்

முட்டையை எண்ணிக்கையில் சொல்லாமல் எடையில் சொல்வதற்குக் காரணம் உண்டு. நம் கடை முட்டை இரண்டை உடைத்து ஊற்றினால் 90 முதல் 100 கிராம் வரைதான் வரும். வெளிநாட்டுச் செய்முறைகளில் வரும் 'இரண்டு பெரிய முட்டை' அதைவிட அதிகம். குறைவுக்கு மூன்றாவது முட்டையின் மஞ்சள் கருவைச் சேருங்கள். மிஞ்சும் வெள்ளைக் கருவைக் கொட்டிவிடாதீர்கள். மேலே பூச வேண்டும்.

சர்க்கரைக்குப் பதில் நாட்டுச் சர்க்கரையோ கருப்பட்டியோ போடலாமா என்று பலரும் கேட்கிறார்கள். வாசனை அருமையாக இருக்கும். ஆனால் இரண்டும் காற்றிலிருந்து ஈரத்தை இழுப்பவை. இந்த ஊரில் அப்படிச் சுட்டால் அன்றே சாப்பிட்டுவிட வேண்டியதுதான். ஆசையாக இருந்தால் 150 கிராமில் 30 கிராம் மட்டும் மாற்றிப் போடுங்கள். தேனும் வேண்டாம், உலர்திராட்சையும் வேண்டாம், அதே காரணம்தான்.

சோம்பு என் விருப்பம். தஸ்கனியிலும் சிலர் இதன் உறவான வேறொரு விதையைப் போடுகிறார்கள். ஏலக்காய் போட்டால் மணம் இனிப்புக் கடை பக்கம் போய்விடும். சோம்பு முந்திரியின் பால்சுவையை அமுக்காமல் நிற்கும். எலுமிச்சையைத் துருவும்போது மேல்தோலோடு நிறுத்துங்கள். வெள்ளைப் பகுதி கசக்கும்.

அவனும் கருவிகளும்

நீங்கள் வைத்திருப்பது பெரும்பாலும் 16 முதல் 30 லிட்டர் வரையுள்ள ஓடிஜி அவனாக இருக்கும். அதுவே போதும். கன்வெக்‌ஷன் வசதியுள்ள மைக்ரோவேவ் இருந்தாலும் சரி. ஆனால் கன்வெக்‌ஷன் பொத்தானில் மட்டும் சுடுங்கள். வெறும் மைக்ரோவேவில் பிஸ்கோத்தி வராது.

ஓடிஜியின் திருகு 175 என்று காட்டினால் உள்ளே 175 இருக்கும் என்று நம்ப வேண்டாம். 150ஆகவும் இருக்கும், 200ஆகவும் இருக்கும். உள்ளே தொங்கவிடும் சின்ன அவன் வெப்பமானி ஒன்று வாங்கிவிடுங்கள். இந்த வேலைக்கு நீங்கள் செலவழிப்பதில் மிக உபயோகமான பணம் அதுதான்.

இவை தவிர வேண்டியவை: கிராம் காட்டும் தராசு, பேக்கிங் தாள், கம்பித் தட்டு, பல் வைத்த நீளமான பிரெட் கத்தி, வெட்டுப் பலகை. பல் இல்லாத காய்கறிக் கத்தியால் இதை வெட்ட முயன்றால் பாதி தூளாகிப்போகும்.

ஓடிஜி 1200 முதல் 2000 வாட் வரை இழுக்கும். 2000 வாட் என்றால் ஏறக்குறைய 9 ஆம்பியர். ஆகவே 16 ஆம்பியர் பவர் பிளக்கில் நேரடியாகச் செருகுங்கள். மிக்ஸி போடும் சின்ன பிளக்கில் மாற்றி வைத்தோ, எக்ஸ்டென்ஷன் வயரிலோ ஓட்டாதீர்கள். பழைய வீடுகளில், குறிப்பாகப் பல ஆண்டுகளாக வயரிங் மாற்றாத வீடுகளில், சுடத் தொடங்கும் முன் ஒரு எலக்ட்ரீஷியனைக் கூப்பிட்டு எர்த் சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

எந்த நேரத்தில் சுடுவது

காலை 8 மணிக்குத் தொடங்குவது நல்லது. இங்கே வெயில் ஏற ஏறக் காற்று கொஞ்சம் காயும். கடற்காற்று வீசத் தொடங்கியதும் மறுபடி ஈரம் ஏறும். காலையில் தொடங்கினால், கடைசித் தட்டு ஆறி டப்பாவுக்குள் போகும்போது அந்தக் காய்ந்த நேரத்துக்குள்ளேயே வேலை முடிந்திருக்கும். மாலையில் சுட்டு இரவெல்லாம் தட்டில் ஆறவிட்டவர்களுக்குத்தான் மறுநாள் வருத்தம்.

முதல் சுடல்

1. அவனை 150 டிகிரிக்குச் சூடாக்குங்கள். முந்திரியைத் தட்டில் பரப்பி 6 முதல் 8 நிமிடம் வையுங்கள். இளம் மஞ்சள் தட்டினால் போதும். மாவுக்குள் இருக்கும் பருப்பு அதிகம் நிறம் மாறாது, வெட்டிய முகத்தில் இருப்பது வேகமாகச் சிவக்கும். எடுத்து முழுதாக ஆறவிடுங்கள். சூடாகப் போட்டால் முட்டை வெந்து திரியும்.

2. அவனை 175 டிகிரிக்கு ஏற்றுங்கள். மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டும் எரியட்டும். தட்டு நடு வரிசையில்.

3. மைதா, பேக்கிங் பவுடர், உப்பு மூன்றையும் சேர்த்து இரண்டு முறை சலியுங்கள்.

4. முட்டையையும் சர்க்கரையையும் அகலப் பாத்திரத்தில் போட்டுக் கைவிஸ்கால் 2, 3 நிமிடம் அடியுங்கள். நிறம் வெளுத்துக் கலவை கொஞ்சம் கெட்டிப்பட வேண்டும். சர்க்கரை முழுக்கக் கரைய வேண்டியதில்லை. துருவிய தோலையும் சோம்பையும் இப்போது சேருங்கள்.

5. மாவை மூன்று பங்காகப் போட்டு மரக்கரண்டியால் கிளறுங்கள். சப்பாத்தி மாவு போலப் பிசையாதீர்கள். வெள்ளை மாவு கண்ணில் படாமல் மறைந்ததும் நிறுத்துங்கள்.

6. முந்திரியைப் போட்டு நான்கைந்து முறை புரட்டுங்கள். மாவு கையில் ஒட்டும். அப்படித்தான் இருக்க வேண்டும். ஒட்டுகிறதே என்று மேலும் மாவு தூவினால் பிஸ்கோத்தி கல்லாகிவிடும். மூடி 10 நிமிடம் வைத்தால் ஒட்டுவது குறையும்.

7. கையைத் தண்ணீரில் நனைத்து உதறிவிட்டு, மாவை இரண்டு பங்காக்கி, பேக்கிங் தாள் விரித்த தட்டில் நீள உருளைகளாக வையுங்கள். நீளம் 25 சென்டிமீட்டர், அகலம் 5, உயரம் 2. சுடும்போது பக்கவாட்டில் பரவும். இரண்டுக்கும் நடுவே நான்கு விரல் இடம் விடுங்கள். 16 லிட்டர் அவன் என்றால் ஒவ்வொன்றாகச் சுடுங்கள், இன்னொன்று குளிர்பெட்டியில் காத்திருக்கட்டும்.

8. மேலே தூக்கிக்கொண்டு நிற்கும் முந்திரிகளை உள்ளே அழுத்துங்கள். வெளியே நிற்பவை கருகும். எடுத்து வைத்த வெள்ளைக் கருவை மெல்லிசாகப் பூசுங்கள்.

9. 25 முதல் 28 நிமிடம் சுடுங்கள். பாதி நேரத்தில் தட்டைத் திருப்பி வையுங்கள். ஓடிஜியில் பின்பக்கம் எப்போதும் சூடு அதிகம்.

10. மேல்புறம் வெளிர் பொன்னிறமாகி, லேசான வெடிப்புகள் விழுந்து, விரலால் அழுத்தினால் அமுங்காமல் எழும்ப வேண்டும். நடுவில் மெத்தென்று அமுங்கினால் இன்னும் 4 நிமிடம். இங்கே அவசரப்பட்டு எடுத்தால் வெட்டும்போது நடுவில் பச்சை மாவு தெரியும், அதை இரண்டாவது சுடல் திருத்தாது.

வெட்டுவது

உருளைகளைத் தாளோடு கம்பித் தட்டுக்கு மாற்றி 12 முதல் 15 நிமிடம் ஆறவிடுங்கள். இந்தக் கால அளவை மட்டும் கடிகாரம் பார்த்துச் செய்யுங்கள். கொதிக்கக் கொதிக்க வெட்டினால் உதிரும். முழுக்க ஆறிவிட்டால் மேலோடு இறுகி, கத்தி இறங்கும்போது துண்டு பிளந்து தெறிக்கும். புறங்கையை வைத்தால் பொறுக்கும் சூடு இருக்க வேண்டும்.

பலகையில் உருளையைக் குறுக்காக வைத்து, கத்தியைச் சாய்வாகப் பிடியுங்கள். முதலில் அழுத்தவே கூடாது. ரம்பம் இழுப்பதைப் போல முன்னும் பின்னும் மெதுவாக இழுத்து மேலோட்டை மட்டும் அறுங்கள். கரகரவென்ற சத்தம் நின்று கத்தி மெத்தையில் இறங்குவது கைக்குத் தெரியும். அந்த இடத்தில் கத்தியின் இரு முனையையும் பிடித்து ஒரே அழுத்தாக நேரே கீழே இறக்குங்கள். துண்டு சாயாமல் நிற்கும். முகத்தில் முந்திரி வெள்ளை வெள்ளையாகப் பிறை வடிவில் வெட்டுப்பட்டிருக்கும், சோம்பு பச்சைப் புள்ளியாகத் தெரியும். இரண்டு துண்டுக்கு ஒருமுறை கத்தியைத் துடைத்துக்கொள்ளுங்கள்.

தடிமன் ஒன்றேகால் சென்டிமீட்டர், அதாவது சுண்டுவிரல் அகலம். இதைவிடத் தடிப்பாகப் போட்டால் நடுவில் ஈரம் நிற்கும். மெல்லிசாகப் போட்டால் காபியில் உடைந்து விழும். எல்லாத் துண்டும் ஒரே தடிமனாக இருப்பது அழகுக்காக மட்டும் என்று நினைக்க வேண்டாம். தடித்தவை காய்வதற்குள் மெலிந்தவை கருகும்.

உருளை ஆறி இறுகிவிட்டதென்றால்: மேலே தண்ணீரை லேசாகத் தெளித்து, 150 டிகிரியில் 4 நிமிடம் வைத்து எடுத்து வெட்டுங்கள்.

இரண்டாவது சுடல்

1. அவனை 140 டிகிரிக்கு இறக்குங்கள். பாதாம் செய்முறைகளில் 160 என்று போட்டிருப்பார்கள். முந்திரியில் மாவுச்சத்து அதிகம், சீக்கிரம் சிவந்து கசக்கும். ஆகவே சூட்டைக் குறைத்து நேரத்தைக் கூட்டுகிறோம்.

2. துண்டுகளை வெட்டிய முகம் மேலே பார்க்கக் கம்பித் தட்டின் மேலேயே அடுக்குங்கள். அடியிலும் காற்றுப் போக வேண்டும். கம்பி இடைவெளி பெரிதாக இருந்தால் மட்டும் தாள் விரித்துக்கொள்ளுங்கள்.

3. 12 நிமிடம். வெளியே எடுத்து ஒவ்வொன்றாகப் புரட்டுங்கள். மறுபுறம் இன்னொரு 12 நிமிடம்.

4. அவனை அணைத்துவிடுங்கள். துண்டுகளை வெளியே எடுக்காதீர்கள். கதவிடுக்கில் ஒரு மரக்கரண்டியைச் செருகி, விரல் அளவு திறந்து, 30 நிமிடம் உள்ளேயே விடுங்கள். இந்த அரைமணிதான் இந்த ஊருக்காக நான் சேர்த்த படி. வெளியே எடுத்தால் சூடான பிஸ்கோத்தி ஆற ஆறக் காற்றின் ஈரத்தைக் குடிக்கும். உள்ளே காய்ந்த சூட்டில் ஆறினால் மிச்ச ஈரத்தையும் விட்டுவிட்டு வரும்.

5. இப்போது எல்லாவற்றையும் தூளோடு சேர்த்து நிறுங்கள். 580க்கு மேல் காட்டினால் 130 டிகிரியில் மறுபடி 8 நிமிடம், மறுபடி உள்ளேயே ஆறல்.

6. தராசு இல்லாதவர்கள் முழுதாக ஆறிய ஒரு துண்டை நடுவில் உடைத்துப் பாருங்கள். சட்டென்று முறிய வேண்டும். வளைந்து பிறகு உடைந்தால் இன்னும் காயவில்லை. சூட்டோடு உடைத்துப் பார்த்து முடிவு செய்யக் கூடாது. சூட்டில் எல்லாத் துண்டும் கொஞ்சம் மெத்தென்றே இருக்கும்.

நடுவில் மின்சாரம் போய்விட்டால் பதற வேண்டாம். முதல் சுடலில் போனால் கதவைத் திறக்காமல் காத்திருங்கள். கால்மணிக்குள் வந்தால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். இரண்டாவது சுடலில் போனால் நஷ்டம் எதுவுமில்லை. முழுதாக ஆறியதும் டப்பாவில் அடைத்து வைத்து, மின்சாரம் வந்ததும் தொடருங்கள்.

வழக்கமாக நடக்கும் தவறுகள்

உருளை தட்டையாகப் பரவிவிட்டது: முட்டை கூடிவிட்டது, அல்லது அவன் சூடாகும் முன்பே உள்ளே போய்விட்டது. அடுத்த முறை உருளையைத் தட்டோடு 15 நிமிடம் குளிர்பெட்டியில் வைத்துவிட்டுச் சுடுங்கள்.

பல் உடைகிற மாதிரி கல்லாக வந்தது: மாவை அதிகம் பிசைந்திருப்பீர்கள், அல்லது ஒட்டுகிறதே என்று மைதா தூவியிருப்பீர்கள். வெண்ணெய் இல்லாத பிஸ்கோத்தி இயல்பிலேயே கெட்டிதான், முக்கிச் சாப்பிடுவதற்கென்று சுடுவது. பிராத்தோவில் இதை இனிப்பு ஒயினில் முக்குவார்கள். நமக்கு டிகிரி காபி. முக்காமல் கடிக்க வேண்டுமென்றால் மாவில் 30 கிராம் உருக்கிய வெண்ணெய் சேருங்கள்.

வெட்டும்போது முந்திரி இருக்கும் இடத்தில் ஓட்டை விழுந்தது: மாவு பருப்பைச் சுற்றிப் பிடிக்கவில்லை. உருளை பிடிக்கும்போது பக்கவாட்டில் நன்றாக அழுத்தி, உள்ளே காற்று தங்காமல் பாருங்கள்.

மேலே கருகி உள்ளே வெந்திருக்கவில்லை: தட்டு மேல் கம்பிக்கு மிக அருகில் இருந்திருக்கும். ஒரு வரிசை கீழே இறக்குங்கள், கடைசி 10 நிமிடம் மேலே ஒரு அலுமினியத் தாள் மூடுங்கள். தாள் கம்பியைத் தொடக்கூடாது.

கோதுமை மாவில் செய்யலாமா: பாதிக்குப் பாதி மாற்றலாம். அது ஈரத்தை அதிகம் குடிக்கும், ஒரு டேபிள்ஸ்பூன் பால் கூடச் சேருங்கள். இரண்டாவது சுடலை 5 நிமிடம் நீட்டுங்கள்.

பாதுகாப்பு

- தட்டில் செய்தித்தாள் விரிக்காதீர்கள். மை உணவில் ஒட்டும், கம்பியில் பட்டால் தீப்பிடிக்கும். பேக்கிங் தாளையும் தட்டின் அளவுக்குக் கத்தரித்து, ஓரம் தூக்கி நிற்காமல் வையுங்கள்.
- ஈரத் துணியால் சூடான தட்டைப் பிடிக்காதீர்கள். ஈரம் உடனே ஆவியாகிக் கையைச் சுடும். காய்ந்த தடித்த கையுறை வேண்டும்.
- ஓடிஜியின் மேல்தகடும் கண்ணாடிக் கதவும் கடுமையாகச் சூடாகும். சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி வையுங்கள், மேலே எதையும் வைக்காதீர்கள், குழந்தைகளின் கைக்கு எட்டாத உயரத்தில் இருக்கட்டும்.
- பச்சை மாவைச் சுவைத்துப் பார்க்க வேண்டாம். பச்சை முட்டை மட்டுமல்ல, வேகாத மைதாவும் வயிற்றைக் கெடுக்கும்.
- முந்திரி ஒவ்வாமை சிலருக்கு உயிருக்கே ஆபத்தானது. யாருக்காவது கொடுத்தால் பொட்டலத்தின் மேல் 'முந்திரி, முட்டை, கோதுமை சேர்ந்தது' என்று எழுதி ஒட்டுங்கள். வீட்டுக்கு வரும் குழந்தைக்கு நீட்டும் முன் அதன் அம்மாவைக் கேளுங்கள்.
- ஐந்து வயதுக்குக் கீழுள்ள குழந்தைக்கு முழு முந்திரி உள்ள கெட்டித் துண்டு வேண்டாம், தொண்டையில் சிக்கும். கட்டுப்பல் வைத்திருக்கும் பெரியவர்களுக்கு முக்கி ஊறவைத்தே கொடுங்கள்.

முட்டை சேர்க்காத வீட்டுக்கு

மைதா 250 கிராம், பொடித்த சர்க்கரை 130, உருக்கி ஆறிய வெண்ணெய் 60, காய்ச்சி ஆறிய பால் 80 மில்லி, பேக்கிங் பவுடர் 1 டீஸ்பூன், முந்திரி 150. வெண்ணெயும் சர்க்கரையும் கலந்து, பால் ஊற்றி, சலித்த மாவைப் போட்டுக் கிளறுங்கள். வெள்ளைக் கரு பூசுவது தவிர மற்ற படிகள் எல்லாம் அதேபோல. இது உதிர்வாக வரும், ஆகவே வெட்டும் முன் 20 நிமிடம் ஆறவிட்டு, துண்டை ஒன்றரை சென்டிமீட்டராகப் போடுங்கள். வெண்ணெய் சேர்ந்ததால் 10 நாளுக்கு மேல் வைக்க வேண்டாம்.

அவனே இல்லாதவர்கள் கனமான பழைய இரும்புச் சட்டியில் உப்பு பரப்பி, மேலே ஒரு தாங்கி வைத்து, மூடிச் சுடலாம். முதல் சுடல் இதில் ஓரளவு நன்றாகவே வரும், 35 நிமிடம் ஆகும். ஆனால் மூடிய சட்டிக்குள் ஆவி தங்கும், அதனால் இரண்டாவது சுடலை இதில் செய்யாதீர்கள். கனமான தோசைக்கல்லைச் சிறுதீயில் வைத்து, துண்டுகளை மூடாமல், பக்கத்துக்குப் பத்துப் பத்து நிமிடமாகப் புரட்டிப் புரட்டிக் காயவையுங்கள். பிரஷர் குக்கரை வெறுமையாகச் சூடாக்கி இதைச் செய்கிறவர்கள் உண்டு. தண்ணீர் இல்லாமல் சூடாக்குவதற்கென்று செய்த பாத்திரம் அல்ல அது, வேண்டாம்.

வைத்துக்கொள்வது

முழுதாக ஆறாமல் அடைக்காதீர்கள். கண்ணாடி பாட்டில் அல்லது இறுக்கமான மூடியுள்ள டின். பிளாஸ்டிக் கவரில் முடிச்சுப் போட்டு வைத்தால் இரண்டு நாள்கூடத் தாங்காது. மொத்தத்தையும் ஒரே டப்பாவில் போட்டு தினமும் பத்து முறை திறக்க வேண்டாம். அன்றாடத்துக்கு ஒரு சின்ன பாட்டில், மீதியைத் தனி டின்னில் மூடி அலமாரியின் உள்ளே. இப்படி வைத்தால் மூன்று வாரம் கரகரப்பு நிற்கும். எறும்பு வரும் வீடு என்றால் டின்னைத் தண்ணீர் ஊற்றிய தட்டில் நிறுத்தாதீர்கள், அந்த ஈரமும் மூடியிடுக்கில் ஏறும். உயரமான அலமாரிக்கு மாற்றுங்கள்.

நமுத்துவிட்டால் கவலை இல்லை. 130 டிகிரியில் 8 நிமிடம், பிறகு அணைத்த அவனுக்குள்ளேயே ஆறல். திரும்ப மொறுமொறுப்பாகும். சிக்கு வாடை வந்துவிட்டால் மட்டும் தயங்காமல் கொட்டிவிடுங்கள்.

சாக்லேட்டில் முக்க ஆசைப்படுகிறவர்கள் ஆரோவில்லில் மேசன் அண்டு கோ இந்தியக் கோக்கோவில் செய்யும் கறுப்புச் சாக்லேட்டை வாங்கலாம். மார்கழி, தை மாதங்களில் மட்டும் முக்குங்கள். கோக்கோ வெண்ணெய் 34 டிகிரியை ஒட்டி உருகும். கத்திரி வெயிலில் இந்த ஊர் அடுக்களையே அதைவிடச் சூடு.

கிறிஸ்துமஸுக்குச் சுடுவதானால்

டிசம்பரில் வடகிழக்குப் பருவமழை முழுசாக ஓய்ந்திருக்காது. மழை பெய்யும் நாளில் இரண்டாவது சுடலை ஒத்திப்போடுங்கள். முதல் சுடல் முடிந்த உருளைகளை வெட்டாமல், முழுக்க ஆறவிட்டு, தாளில் சுற்றி, பிறகு பிளாஸ்டிக்கில் இறுக்கிச் சுற்றி ஃப்ரீசரில் வைக்கலாம். ஒரு மாதம் தாங்கும். வேலையை இப்படிப் பிரித்துக்கொள்ளுங்கள்:

1. டிசம்பர் முதல் வாரம்: நான்கு உருளைகள் சுட்டு ஃப்ரீசரில்.
2. கொடுப்பதற்கு இரண்டு நாள் முன்: வானம் வெளுத்த காலையாகப் பார்த்து, உருளைகளைச் சுற்றிய பிளாஸ்டிக்கோடு வெளியே எடுத்து இரண்டு மணி நேரம் வையுங்கள். பிரித்து வைத்தால் மேலே தண்ணீர் கோக்கும்.
3. 150 டிகிரியில் 5 நிமிடம் சூடாக்கி வெட்டுங்கள். இரண்டாவது சுடலை மேலே சொன்னபடி செய்யுங்கள், பக்கத்துக்கு 3 நிமிடம் கூட்டி.
4. ரம் வாசனை வேண்டுமென்றால் மாவு கலக்கும்போதே ஒரு டீஸ்பூன். விவிக்கத்துக்கு ஊறப்போட்ட பழத்தை இதில் சேர்க்காதீர்கள், அதன் ஈரம் ஒருநாளும் காயாது.
5. பொட்டலம் கட்டுவது கொடுக்கும் நாளன்று காலையில். ஒரு பொட்டலத்துக்கு எட்டுத் துண்டு, உள்ளே எண்ணெய்த்தாள், வெளியே இறுக்கமாக மூடும் உறை, மேலே சாமான் பட்டியலும் சுட்ட தேதியும். தட்டில் மிஞ்சிய தூளைச் சலித்து எடுத்து வைத்தால், நறுக்கிய வாழைப்பழத்தின் மேல் தூவிக் குழந்தைகளுக்குக் கொடுக்கலாம்.